ஆடு மேய்ப்பவரும் விருந்தினரும்

உயிர்க்கொலையினின்று விலகி நிற்போம் என்று நாம் நாள்தோறும் சீலம் ஏற்கிறோம். விகாரையில் அமர்ந்து ஏற்கும்போது அதில் ஐயம் ஏதும் எழுவதில்லை. ஐயம் எழுவது பிறர் வீட்டுத் திண்ணையில், ஒருவர் அன்போடு இட்ட இலைக்கு முன்னே அமரும்போதுதான். அத்தகைய ஐயம் ஒன்றை நம் சங்கத்து அன்பர் சிலர் அண்மையில் எழுப்பியுள்ளனர். அதனை ஈண்டு ஆராயப் புகுகிறோம்.

நகர வாழ்வில் சலித்தோர் சிற்றூர் சென்று, அவ்வூரார் ஒருவரை வழிகாட்டியாகக் கொண்டு, வயலும் தோப்பும் சுற்றி நடந்து, முடிவில் அவ்வூர் உணவைச் சுவைத்துத் திரும்பும் வழக்கம் இப்போது பரவி வருகிறது. கேரளத்தார் இதனைப் பொறுப்புச் சுற்றுலா என்ற பெயரால் 2008ஆம் ஆண்டை ஒட்டிக் குமரகம் முதலிய இடங்களில் தொடங்கினர். 2017இல் அவ்வரசு அதற்கெனத் தனி இயக்கமே அமைத்தது. கயிறு திரிப்போர், பாய் முடைவோர், மீன் பிடிப்போர் ஆகியோரின் தொழிலை வருவோர் அருகிருந்து காண்கின்றனர். காட்டுவோருக்கும் சிறிது வருவாய் கிடைக்கிறது. பாறசாலைக்கும் நெய்யாற்றின்கரைக்கும் இடைப்பட்ட எல்லைச் சிற்றூர்களில், ஆடு மேய்க்கும் முதியவர் ஒருவர் பின்னே அவ்வாறு நடந்து வர நம்மவர் சிலரும் சென்றிருந்தோம். கேள்வி அங்கே பிறந்தது. காலையில் எந்த ஆட்டோடு நடந்தோமோ, அதன் இனத்தின் இறைச்சியை நண்பகலில் உண்பது பௌத்தருக்குத் தகுமா? தகாதெனின், அந்த ஆட்டை வளர்த்து விற்று வாழும் மனிதர் எந்நிலையில் நிற்கிறார்?

முதற்கேள்வி ஒரு நாளைக்குரியது. இரண்டாவது அப்படியன்று. தமிழக அரசு 2011ஆம் ஆண்டு முதல் வறிய நாட்டுப்புறக் குடும்பங்களுக்கு நான்கு ஆடுகள் வீதம் விலையின்றி வழங்கியது. நம் சகோதரிகள் எத்தனையோ பேர் அவ்வாறு பெற்ற ஆடுகளை வளர்த்தே பிள்ளைகளைப் படிக்க வைத்தனர். அவருள் ஒருவர் நம் கூட்டத்தில் எழுந்து, “திரிசரணம் சொன்ன வாயால் வியாபாரியிடம் கிடாய்க்கு விலை பேசலாமா?” என்று கேட்டார். கூட்டத்தில் சிலர் நகைத்தனர். நகைக்கத்தக்க கேள்வியன்று அது.

நிற்க. முதலில் அந்நிலத்தைப் பற்றிச் சிறிது கூறவேண்டும். பாறசாலை கேரளத்தின் தென்கோடி. அதைக் கடந்தால் களியக்காவிளை, அது தமிழ்நாடு. 1956 நவம்பர் 1ஆம் நாளுக்கு முன் இவ்வெல்லை இருந்ததில்லை. அன்று தோவாளை, அகத்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு என்னும் நான்கு வட்டங்கள் தமிழகத்தோடு சேர்ந்தன. நெய்யாற்றின்கரை வட்டம் கேரளத்தில் நின்றது. நிலத்தில் கோடு விழுந்ததேயன்றி மக்கள் பேச்சில் விழவில்லை. ஒரே வீட்டில் மாமியார் தமிழும் மருமகள் மலையாளமும் பேசக் கேட்கலாம். வயலை இருபுறத்தாரும் ஏலா என்கின்றனர்; பலாவைச் சக்கை என்கின்றனர். வடகிழக்கே வானம் தெளிந்த நாளில் தெரிவது பொதியமலைத் தொடர். அகத்தியருக்குத் தமிழ் அறிவுறுத்தியவர் அவலோகிதர் என்று வீரசோழியம் செய்த புத்தமித்திரர் போற்றியதை நம் வாசகர் அறிவர். நெய்யாறு அம்மலையிற் பிறந்தே வருகிறது. அவ்வாற்றின் இடக்கரைக் கால்வாய் விளவங்கோட்டு வயல்களுக்கும் நீர் தரவேண்டியது; 2004 முதல் அந்நீர் நின்று, வழக்கு உச்சநீதிமன்றம் வரை சென்றது. நீருக்கு எல்லை வந்துவிட்டது. ஆட்டுக்கு இன்னும் வரவில்லை.

அன்று, வந்துவிட்டது எனலும் ஒருவகையில் பொருந்தும். கோயில்களில் ஆடு கோழி பலியிடுவதைத் தடுக்கும் சட்டம் கேரளத்தில் 1968இல் வந்தது. தமிழகத்தில் அத்தகைய சட்டம் 1950 முதலே இருந்து, 2004இல் நீக்கப்பட்டது. ஆகவே எல்லைக்கு வடக்கே தெய்வத்துக்கென்று கழுத்தறுத்தால் குற்றம், தெற்கே குற்றமில்லை. வடக்கேயும், உண்பதற்கென்று அறுத்தால் அச்சட்டம் ஒன்றும் சொல்லாது. கத்தி அதுவே, கழுத்து அதுவே. அறுப்பவன் மனத்திலுள்ள நோக்கம் ஒன்றே சட்டத்தின் வேறுபாடு. செயலைச் சேதனையால் அளக்கும் நம் தர்மத்திற்கு இது சற்றே அணுக்கமாகத் தோன்றும். ஆயின் பகவான் புத்தர் யாகப் பலியை மறுத்தது அது தெய்வத்தின் பெயரால் நடந்தது என்பதற்காக மட்டுமன்று. ஓர் உயிரின் நோவைப் பிறிதோர் உயிர் தன் நன்மைக்கு விலையாகச் செலுத்துவதை மறுத்தார். ஜாதகக் கதை ஒன்றில், நீத்தார் பொருட்டுப் பலியிடக் கொண்டுசென்ற ஆடு முதலில் சிரிக்கிறது, பின்னர் அழுகிறது. தானும் முன்னொரு பிறப்பில் ஓர் ஆட்டைப் பலியிட்டு, அதன் பயனாய் 499 பிறப்பில் தலையிழந்து, அன்றோடு அத்துன்பம் முடிவதை எண்ணிச் சிரித்தது. தன்னைக் கொல்பவனுக்கு அதுவே நேருமென்று எண்ணி அழுதது. கொல்லப்படும் ஆடு கொல்பவனுக்காக இரங்கும் அக்கதையைக் கேட்டுவிட்டு, ஊட்டி வளர்த்தவனை இகழ நமக்கு வாய் வருமா?

மேய்ச்சல் என்றதும் பரந்த புல்வெளியும் நூற்றுக்கணக்கான ஆடுகளும் வாசகர் நினைவில் எழலாம். தென்திருவிதாங்கூரில் அவ்வாறன்று. வீட்டுக்கு வீடு தென்னையும் பலாவும் வாழையும் மரச்சீனியும் ரப்பரும் நெருங்கிய பூமி அது. எம் வழிகாட்டியிடம் இருந்தவை பதினொன்றோ பன்னிரண்டோ ஆடுகள். வேலியோரம், கால்வாய்க் கரை, அறுவடை முடிந்த ஏலா என்று அவற்றை நடத்திச் செல்வார். மாலையில் வீடு திரும்பியதும் பிலா இலைக் கொத்தைக் கட்டித் தொங்கவிடுவார். எழுபதைக் கடந்தவர். அவ்வூர்ப் பிள்ளைகள் அவரைப் பாட்டா என்றழைக்க, நாமும் அவ்வாறே அழைத்தோம். அவருக்கு நாம் அனைவரும் மக்களே. நரைத்த தலையரும் மக்களே.

மஜ்ஜிம நிகாயத்தில் மகாகோபாலக சூத்திரம் என ஒன்றுண்டு. நல்ல மேய்ப்பனுக்குரிய பதினொரு தகுதிகளைக் கூறி, அவற்றை ஒரு பிக்குவின் தகுதிகளோடு பகவர் ஒப்பிடுகிறார். கால்நடையின் உருவமும் குறியும் அறிதல், ஈ இட்ட முட்டைகளை அகற்றுதல், புண்ணை மூடிக் கட்டுதல், கொட்டிலுக்குப் புகையிடல், நீர்த்துறை அறிதல், வழி அறிதல், மேய்ச்சல் நிலம் அறிதல், மடியை ஒட்டக் கறவாமல் விடுதல் என அவை செல்லும். ஏட்டில் படித்தபோது இவற்றை உவமைகளாகவே கொண்டிருந்தோம். அன்று அம்முதியவர் பின்னே நடந்தபோது இவை கைத்தொழில் நுணுக்கங்கள் என்பது விளங்கிற்று. ஓர் ஆட்டின் குளம்பிடுக்கில் புண் இருந்ததை அது நடக்கும் ஓசையிலேயே கண்டுகொண்டார். மரச்சீனி இலையைப் பச்சையாகத் தின்றால் ஆட்டுக்கு நஞ்சாகும், வாட வைத்தே தரவேண்டும் என்று சொல்லி, வேலிக்குள் நீண்ட ஒரு கழுத்தைக் கம்பால் மெல்லத் திருப்பினார். குட்டி குடித்த பின்னரே கறப்பதாகவும், அதுவும் முழுதும் கறப்பதில்லை என்றும் சொன்னார். எந்தச் சூத்திரத்தையும் அவர் கேட்டதில்லை. இத்தகைய கவனத்தை நாம் தியானத்தில் அமர்ந்து பழக முயல்கிறோம். அவர் நாள்தோறும் ஆறு மணி நேரம் நடந்து பழகியிருக்கிறார்.

பெட்டை ஆடுகளைப் பெயரிட்டு அழைத்தார். கிடாய்களை அழைக்கவில்லை. ஏன் என்று நம்முள் ஒருவர் வினவினார். “பேரு போட்டா பின்ன விக்க மனசு வராது, மக்களே” என்றார். வேறொன்றும் சொல்லவில்லை.

இங்கேதான் பொருள் சிக்கலாகிறது. ஆடு ஏறத்தாழ ஐந்து திங்கள் சுமந்து ஈனுகிறது. மலபாரி இனம் இரட்டைக் குட்டி ஈனுவதில் பெயர் பெற்றது. பிறப்பனவற்றுள் பாதி கிடாய். பெட்டை பால் தரும், மீண்டும் ஈனும். கிடாய் இரண்டும் செய்யாது. இருபது சென்ட் நிலமுள்ள ஒருவர் பத்துக் கிடாய்களை அவை தாமாக இறக்கும் வரை ஊட்டி வளர்ப்பது ஆகாத காரியம். ஆகவே பால் கறக்கும் ஒவ்வோர் ஆட்டின் பின்னும் விலைபோகும் ஒரு கிடாய் கண்ணுக்குத் தெரியாமல் நிற்கிறது. இறைச்சியைத் தொடாமல் பாலை மட்டும் பருகுவோர் தம்மைத் தூயர் என்று எண்ணிக்கொள்வதை நாம் ஒப்புவதற்கில்லை. காந்தியடிகள் பாலை விலக்கி விரதம் பூண்டு, நோயுற்றபோது ஆட்டுப்பால் அவ்விரதத்தில் அடங்காதென்று பருகினார். விரதத்தின் சொல்லைக் காத்து அதன் உயிரை விட்டேனே என்று தம் சுயசரிதையில் வருந்தவும் செய்தார். அந்த நேர்மையளவாவது பால் குடிக்கும் நமக்கெல்லாம் வேண்டும்.

நூல்கள் என்ன சொல்லுகின்றன? உபாசகன் செய்யத் தகாத வாணிகம் ஐந்தென அங்குத்தர நிகாயம் கூறும்: ஆயுதம், உயிர், இறைச்சி, மது, நஞ்சு. உயிர் வாணிகம் என்பது மனிதரை விற்றல் என்றும், இறைச்சி வாணிகம் என்பது பன்றி, மான் முதலியவற்றை வளர்த்து விற்றல் என்றும் அட்டகதை பொருள் உரைக்கும். இதை மறைத்துப் பயனில்லை. விற்பனைக்கென்று கிடாய் வளர்ப்பது அவ்வுரைப்படி விலக்கப்பட்டதே. நம் சகோதரியின் நெஞ்சு உறுத்தியது வீணாக அன்று.

ஆனால் அதே பிடகத்தில், தீக நிகாயத்துக் கூடதந்த சூத்திரத்தையும் படிக்க வேண்டும். பெருவேள்வி செய்ய விழைந்த அரசனுக்கு அவன் புரோகிதர் சொல்லும் அறிவுரை அதில் வருகிறது. நாட்டில் திருட்டும் கொள்ளையும் மலிந்திருக்கையில் வேள்வி வேண்டா, தண்டனையாலும் தீராது. உழவும் கால்நடை காத்தலும் செய்வோருக்கு விதையும் தீனியும் கொடு, வாணிகம் செய்வோருக்கு முதல் கொடு, பணி செய்வோருக்கு ஊதியம் கொடு என்பது அவ்வறிவுரை. அரசன் அவ்வாறே செய்தான். பின்னர் நடந்த வேள்வியில் பசுவோ ஆடோ கொல்லப்படவில்லை. இதன் வரிசையைக் கவனிக்க வேண்டும். முதலில் மக்கள் பிழைப்புக்கு வழி. அதன் பின்னரே ஆட்டுக்கு உயிர். மேய்ப்போரை விலக்கி ஆட்டைக் காத்ததாக அச்சூத்திரம் கூறவில்லை. மேய்ப்போருக்குக் கொடுத்த பின்னரே காத்தது.

டாக்டர் அம்பேத்கர் தம் ‘புத்தரும் அவர் தம்மமும்’ என்ற நூலில், கொல்லும் விருப்பத்தையும் கொல்ல வேண்டிய தேவையையும் பகவர் வேறுபடுத்தியதாக விளக்குகிறார். அகிம்சையை அவர் ஆராய்ந்து நடப்பதற்குரிய கொள்கையாகக் கொள்கிறாரேயன்றி, கண்மூடிப் பின்பற்றும் விதியாகக் கொள்ளவில்லை. இவ்விளக்கத்தைச் சிலர் நெகிழ்ச்சி என்று கருதுவர். நாம் அதனை மிகக் கடுமையான அளவுகோலாகவே காண்கிறோம். ஏனெனில் இவ்வளவுகோலை ஏந்தினால் முதலில் அகப்படுபவர் அம்முதியவர் அல்லர்; விருந்தினராகிய நாமே. அவருக்குத் தேவை உண்டு. பேத்தியின் கல்லூரிக் கட்டணம் உண்டு. ஒரு பொழுது நடந்து பார்க்க வந்த நமக்கு என்ன தேவை? நாக்கின் விருப்பமன்றி வேறில்லை.

நண்பகலில் அவர் வீட்டு முற்றத்தில் உணவு. வேகவைத்த மரச்சீனி, காந்தாரி மிளகாய்ச் சம்மந்தி, கஞ்சி, பயறு, சந்தையில் வாங்கிய மீனில் ஒரு குழம்பு, கருப்பட்டிக் காப்பி. மரச்சீனியைப் பற்றி இடையே ஒரு சொல். திருவிதாங்கூரில் அதனைப் பரப்பியவர் 1880 முதல் 1885 வரை ஆண்ட விசாகம் திருநாள் மன்னர். 1942இல் பர்மா ஜப்பானியர் வசமாகி, அப்பௌத்த நாட்டு அரிசி வருவது நின்றபோது அம்மண்ணின் ஏழைகளைக் காத்தது இக்கிழங்கே. கஞ்சியைப் பிலா இலையை மடித்துச் செய்த கரண்டியால் பருகினோம். பருகியபின் அவ்விலைகளை ஆடுகள் தின்றன. மனிதருக்குக் கரண்டியாவதும் ஆட்டுக்கு உணவாவதும் ஒரே இலை என்பதில் அம்மக்களின் வாழ்வு முழுதும் அடங்கியிருப்பதாக எமக்குத் தோன்றிற்று.

எம்மோடு நடந்த வேற்றூர் அன்பர் ஒருவர், காலையெல்லாம் ஒரு வெள்ளைக் குட்டியைத் தோளில் ஏந்திப் படம் எடுத்துக்கொண்டவர், இலையைப் பார்த்துவிட்டு ஆட்டுக்கறி இல்லையா என்றார். அவ்வீட்டார் நாணி, “முந்தின நாளே சொல்லியிருந்தால் ஒரு குட்டியை அறுத்திருப்போமே” என்றனர்.

சொல்லியிருந்தால்! ஜீவக சூத்திரம் முழுவதும் இச்சொல்லைப் பற்றியதே எனலாம். தமக்கென்று கொல்லப்பட்டதைக் கண்டோ, கேட்டோ, ஐயுற்றோ இருப்பின் அவ்விறைச்சியைப் பிக்கு ஏற்கலாகாது என்பது அங்குள்ள விதி. ததாகதருக்கோ அவர் சீடருக்கோ என்று உயிர்க்கொலை செய்விப்பவன் அடையும் பாவத்தை ஐந்தாக அச்சூத்திரம் வகுக்கிறது. அவற்றுள் முதலாவது கத்தி எடுத்தபோது வருவதன்று. ‘போய் அந்த உயிரைக் கொண்டுவா’ என்று ஏவியபோதே வந்துவிடுகிறது. கழுத்தில் கயிறு கட்டி இழுக்கையில் அது படும் துன்பம் இரண்டாவது. கொல் என்பது மூன்றாவது. கொல்லப்படுகையில் அதன் நோவு நான்காவது. ஏற்கத் தகாததை ஏற்பித்தல் ஐந்தாவது. முந்தின நாள் தொலைபேசியில் ‘நாளைக்கு நான்கு பேர் வருகிறோம், கறி வேண்டும்’ என்னும்போது அந்த முதற்பாவம் பிறந்துவிட்டது. அங்கே ஏவியவர் விருந்தினர். அவர் கையில் இரத்தம் படாது. படப்போவது பாட்டாவின் கையிலோ அவர் மகன் கையிலோ.

இவ்விதி பிக்குகளுக்குரியது, இல்லறத்தாருக்கன்று என்று சிலர் மறுக்கலாம். விதி அவர்களுக்குரியதே; அதன் காரணம் எல்லாருக்கும் உரியது. வினய பிடகத்தில் சீகன் என்னும் படைத்தலைவனின் நிகழ்ச்சி வருகிறது. நிகண்டரைப் பின்பற்றியிருந்த அவன் பகவரிடம் சரண் புகுந்து அவருக்கு விருந்திட்டான். சீகன் பெரிய விலங்கைக் கொன்றான், கோதமர் தமக்கெனக் கொன்றதை அறிந்தே உண்டார் என்று நிகண்டர் வைசாலித் தெருக்களில் கைதூக்கிக் கூவினர். அவனோ ஆளனுப்பிச் சந்தையில் உள்ள இறைச்சியையே வாங்குவித்திருந்தான். கண்டது, கேட்டது, ஐயுற்றது என்னும் முவ்விதி அவ்வேளையில் நிறுவப்பட்டது. இறைச்சியை முற்றும் விலக்குமாறு தேவதத்தன் கேட்டபோதும் பகவர் அதனை எல்லார்க்கும் விதியாக்க இசையவில்லை. இரந்துண்ணும் பிக்கு ஏழையின் கலத்தை ஆராய்ந்து, இது ஆகும், இது ஆகாது என்று வகுத்தால், ஏழையின் தானத்துக்கு இடமில்லாது போகும் என்பதே இதன் உட்பொருள் என நாம் கருதுகிறோம். அன்று மீன் குழம்பை எம்முள் மூவர் உண்டனர், இருவர் உண்ணவில்லை. அதுபற்றி எமக்குள் வழக்கு எழவில்லை.

வழக்கு எழுந்தது வேறொன்றால். வந்திருந்தோருள் ஒருவர் தாம் சைவம் என்று சொல்லி, கஞ்சியையும் கிழங்கையும்கூடத் தொடாமல், தாம் கொணர்ந்த வாழைப்பழத்தை உண்டார். மீன் காய்ச்சிய அடுக்களையில் வெந்தது என்பது அவர் சொன்ன காரணம். அவர் கண்கள் சென்ற இடம் அடுக்களையன்று, பரிமாறிய கைகள். நம் வாசகருக்கு இப்பார்வையை விளக்க வேண்டுவதில்லை. நாம் அதன்கீழ் வளர்ந்தவர்கள். புலால் மறுத்தல் என்னும் நல்லொழுக்கத்தின் போர்வையில் மனிதரை மறுத்தல் எவ்வளவு காலம் நடந்தது என்பதை நம் பாட்டன்மார் அறிவர். 1898இல் அயோத்திதாசப் பண்டிதர் சென்னையில் சாக்கிய பௌத்த சங்கம் கண்டதும், 1956 அக்டோபர் 14இல் நாகபுரியில் இலட்சக்கணக்கானோர் தீட்சை பெற்றதும் அப்பார்வையினின்று விடுபடவே. புலாலை விலக்கு என்று நம் உபாசகருக்கு அறிவுரை கூறும் சகோதரர்கள் இதனை மறத்தலாகாது. அவர்கள் கூறுவது நன்று. கூறும் குரல் யாருடைய குரலை ஒத்திருக்கிறது என்பதையும் அவர்கள் செவி கேட்கவேண்டும்.

சுத்த நிபாதத்து ஆமகந்த சூத்திரத்தில் முடைநாற்றம் எது என்ற வழக்கு வருகிறது. ஊன் உண்பதை முடைநாற்றம் என்று சொல்பவனுக்கு, கொலையும் களவும் பொய்யும் வஞ்சமும் முடைநாற்றம், ஊன் உண்பது அன்று என்று காசியப புத்தர் மறுமொழி தருகிறார்.

எட்வின் ஆர்னால்டு 1879இல் வெளியிட்ட ‘ஆசிய ஜோதி’யில் ஆடு இருமுறை வருகிறது. ஒன்று யாவரும் அறிந்தது: நொண்டிய குட்டியைத் தோளிற் சுமந்து பகவர் பிம்பிசாரனின் வேள்விச்சாலை புகுந்து, அங்கிருந்த மந்தையைக் காத்தது. மற்றொன்றை நம்மவர் இன்னும் மிகுதியாக நினைத்தல் வேண்டும். கடுந்தவத்தால் மயங்கி வீழ்ந்த போதிசத்துவரை ஆட்டிடையச் சிறுவன் ஒருவன் காண்கிறான். தன் கை படலாகாதென்று அஞ்சி, ஆட்டின் மடியிலிருந்தே பாலை அவர் இதழில் பீய்ச்சுகிறான். விழித்தவர் கலத்தில் பால் கேட்க, தான் கீழ்ச்சாதி, தொட்டால் தீட்டு என்று அவன் நடுங்க, இரத்தத்துக்குச் சாதியில்லை என்று அவர் தெளிவித்து வாங்கிப் பருகுகிறார். இதனைத் தமிழ்ப்படுத்திய கவிமணி தேசிகவிநாயகம் பிள்ளை இவ்வெல்லைக்குத் தெற்கே, நாஞ்சில் நாட்டுத் தேரூரிற் பிறந்தவர். பழைய திருவிதாங்கூரின் சாதி வழக்கம் எத்தகையது என்பதை நேரிற் கண்டவர்.

அவ்வழக்கத்தை அம்மண்ணே எதிர்த்தும் நின்றது. நாம் நடந்த பாதைகளில் ஒரு காலத்தில் எல்லாரும் நடந்துவிட முடியாது. நெய்யாற்றின்கரை வட்டத்து வெங்ஙானூரில் 1863இல் பிறந்த ஐயன்காளி, 1893இல் வில்வண்டி பூட்டிப் பொதுவழியில் ஏறிச் சென்றார். பாலராமபுரத்தில் அடிதடி நடந்தது. அதற்கு ஐந்தாண்டு முன்னர், 1888இல், நெய்யாற்றங்கரை அருவிப்புறத்தில் நாராயண குரு பிறர் அனுமதி வேண்டாமல் சிவலிங்கம் நிறுவினார். உயிர்ப்பலியை விடுமாறு ஊரூராய்ச் சொன்னவரும், ஜீவகாருண்ய பஞ்சகம் பாடியவரும் அவரே. வழி கேட்டவரும் ஆட்டுக்காக இரங்கியவரும் அடுத்தடுத்த ஊரில், ஏறத்தாழ ஒரே காலத்தில் தோன்றினர். மணிமேகலையில் வரும் ஆபுத்திரன், பிறப்பால் இகழப்பட்டவன். வேள்விப் பசுவை விடுவித்தவன். பின்னர் அமுதசுரபி பெற்றுப் பசித்தவர்க்கெல்லாம் சோறிட்டவன். அம்மூன்றையும் ஒருவனிடத்தே வைத்த சாத்தனார் நம் சமயத்தை நன்கு அறிந்தவர்.

இனி அச்சகோதரியின் கேள்விக்கு வருவோம். ஆட்டைக் கைவிடு என்று இச்சங்கம் அவருக்குச் சொல்லவில்லை. சொல்லும் உரிமையும் நமக்கில்லை, வேறு பிழைப்பு ஒன்றை அவர் கையில் வைக்கும் வரை. அதே வேளையில், எல்லாம் சரியே, அஞ்சாதே என்று உறுத்தலைத் துடைத்துவிடவும் மாட்டோம். அவ்வுறுத்தல் அவருடைய செல்வம். இடைப்பட்ட வழி உண்டா எனில், அசோக மன்னர் உண்டென்று காட்டினார். முடிசூடிய 26ஆம் ஆண்டில் அவர் பொறித்த ஐந்தாம் தூண் கட்டளை, சினையுற்றதும் பாலூட்டுவதுமான ஆட்டையும், ஆறு திங்கள் நிரம்பாத குட்டியையும் கொல்லலாகாது என்கிறது. குறித்த நாட்களில் கிடாய்க்கு விதையடிக்கலாகாது என்கிறது. தம் அடுக்களையில் ஆயிரக்கணக்கில் நடந்த கொலையை இரண்டு மயிலும் ஒரு மானுமாகக் குறைத்து, அம்மூன்றும் இனி இல்லையாகும் என்று முதற்பாறைக் கட்டளையில் எழுதியவரும் அவரே. பேரரசர் ஒரு நாளில் முற்றும் நிறுத்தவில்லை. முதலில் தம் அடுக்களையைக் குறைத்தார். ஏழைக் குடியானவனின் கொட்டிலைச் சோதிக்க ஆளனுப்பும் முன்னர் அதைச் செய்தார்.

அம்முறையில் நம்மால் ஆவன சில உண்டு. இத்தகைய நடைகளுக்குச் செல்லும் உபாசகர், செல்வதாகச் சொல்லியனுப்பும்போதே, எம்பொருட்டு எவ்வுயிரையும் அறுக்க வேண்டா என்று சேர்த்துச் சொல்லுக. அவ்வாறு சொல்வதால் வீட்டாருக்கு வருவாய் குறையலாகாது. இறைச்சி விருந்துக்குத் தரும் பணத்தையே கிழங்குக்கும் கஞ்சிக்கும் தருக. வழிகாட்டியின் கூலியைப் பேரம் பேசாதீர். பதினொரு தகுதியில் பெரும்பாலானவற்றைக் கைவரப்பெற்ற ஆசிரியருக்குத் தரும் காணிக்கை அது. ஓராண்டில் இவ்வாறு வரும் பணம் ஒரு கிடாயின் விலைக்கு ஈடாகுமானால், அவ்வாண்டு ஒரு கிடாய் கூடுதலாக ஏலாவில் மேயும். நாம் கேட்டபோது பாட்டா இதனை மறுக்கவில்லை, நம்பவும் இல்லை. “நீங்க வருசத்துல ஒருக்கா வருவிய, ஆடு தினமும் தின்னும்லா” என்றார்.

அவர் சொன்னதில் உள்ள கணக்குக்கு எம்மிடம் முழு விடை இல்லை. எரு, பால், நடை ஆகிய மூன்றால் மட்டும் ஒரு சிறு மந்தையை விற்காமல் காக்க இயலுமா, இயலாவிடில் எத்தனை கிடாய் வரை காக்க இயலும் என்பதை ஏடு படித்தோர் சொல்ல முடியாது. ஆடு வளர்க்கும் நம் சகோதரிகள் தம் வரவு செலவைச் சங்கத்துக்கு எழுதியனுப்புமாறு வேண்டுகிறோம். எழுதத் தெரியாதோர் பிள்ளைகளைக் கொண்டு எழுதுவிக்கலாம். வருவனவற்றை இவ்விதழிலேயே வெளியிடுவோம்.